அரை நிமிட மெட்டும் அதை எழுதியவரும்: கிளாவுஸ் டோல்டிங்கர் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜெர்மன் கற்க வருபவர்களுக்குப் பேச்சு மொழி காதில் விழ வேண்டும் என்பதற்காக, பல ஆண்டுகளாக ஜெர்மன் படங்களையும் தொலைக்காட்சித் தொடர்களையும் வகுப்பில் போட்டுக் காட்டி வருகிறேன். இலக்கணச் சந்தேகங்களுக்கு நடுவே, ஒவ்வொரு வகுப்பிலும் யாராவது ஒருவர் தவறாமல் "இந்த மியூசிக் யாருடையது?" என்று கேட்பார். வெவ்வேறு படங்களுக்காகக் கேட்கப்பட்ட அந்தக் கேள்விக்குப் பலமுறை ஒரே பெயரைத்தான் நான் பதிலாகச் சொல்ல நேர்ந்தது. அந்தப் பெயரைச் சொன்னவுடன் எழும் அடுத்தடுத்த கேள்விகளும் ஏறக்குறைய மாறாமல் இருந்ததால், கேட்டவர்களின் வாய்மொழியிலேயே அவற்றை இங்கே தொகுத்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

இந்த டோல்டிங்கர் யாரு? பேரே கேள்விப்பட்டது இல்லையே.

கிளாவுஸ் டோல்டிங்கர் 1936 மே 12 அன்று பெர்லினில் பிறந்தவர். சாக்ஸபோன் கலைஞர், ஜாஸ் குழுத் தலைவர், திரைப்படங்களுக்கும் தொலைக்காட்சிக்கும் இசையமைத்தவர். 1970இல் தொடங்கிய ‘டாட்டோர்ட்’ என்ற துப்பறியும் தொடரின் முகப்பு இசை, 1981இல் வெளிவந்த ‘டாஸ் போட்’ என்ற நீர்மூழ்கிக் கப்பல் படத்தின் இசை, 1984இல் வெளிவந்த ‘முடிவில்லாக் கதை’ என்ற மாயக்கதைப் படத்தின் ஜெர்மன் பதிப்புக்கான இசை ஆகிய மூன்றும் அவருடையவை. இவற்றில் ஒன்றையாவது கேட்காமல் ஜெர்மனியில் வளர்ந்தவர்களைக் காண்பது கடினம்.

பெயர் தெரியாமல் போனது உங்கள் குறை அன்று. ஜெர்மனியிலேயே அந்த மெட்டை உடனே முணுமுணுக்கக்கூடியவர்களில் பலருக்கு அதை எழுதியவர் யார் என்று சொல்லத் தெரியாது. மெட்டைப் போலவே அந்தப் பெயரும் மனத்தில் தங்க வேண்டும் என்ற விருப்பத்தில்தான் இதை எழுதுகிறேன்.

டாட்டோர்ட்னா என்ன? அது படமா, சீரியலா?

ஜெர்மன் மொழியில் அந்தச் சொல்லுக்குக் ‘குற்றம் நடந்த இடம்’ என்று பொருள். ஒவ்வொரு பகுதியும் ஏறக்குறைய 90 நிமிடம் ஓடும் ஒரு முழுக் கதை. அந்த வகையில் படம். ஞாயிற்றுக்கிழமை இரவு 8.15 மணிக்கு ஏஆர்டி தொலைக்காட்சியில் வரும். அந்த வகையில் தொடர். முதல் பகுதி 1970 நவம்பர் 29 அன்று ஒளிபரப்பானது. கிழக்கு, மேற்கு ஜெர்மனிகளுக்கு இடையிலான எல்லையைத் தொட்டுச் சென்ற அந்தக் கதையின் பெயர் ‘லைப்சிக்குக்கு ஒரு டாக்சி’. ஆயிரமாவது பகுதி 2016 நவம்பர் 13 அன்று வந்தபோது அதற்கும் அதே பெயரையே வைத்தார்கள்.

ஏஆர்டி என்பது மாநில வாரியான பல ஒலிபரப்பு நிறுவனங்களின் கூட்டமைப்பு. ஒவ்வொரு நிறுவனமும் தன் ஊரில், தன் காவல்துறை அதிகாரிகளோடு, தன் வட்டார வழக்கில் கதை எடுக்கும். ஆஸ்திரியாவும் சுவிட்சர்லாந்தும்கூட இதில் பங்கேற்றிருக்கின்றன. ஆகவே வாரத்துக்கு வாரம் ஊர் மாறும், நடிகர் மாறுவார், இயக்குநர் மாறுவார், கதையின் தொனியே மாறும். மாறாமல் நின்றவை முகப்புக் காட்சியும் அதன் இசையும் மட்டுமே. இத்தனை உதிரிக் கதைகளையும் ஒரே தொடர் என்று பார்ப்பவர்களை ஏற்றுக்கொள்ள வைத்ததில் பெரும்பங்கு அந்த அரை நிமிடத்துக்கு உண்டு என்பது என் கருத்து.

அந்த டைட்டில் மியூசிக்ல அப்படி என்ன இருக்கு? மொத்தமே அரை நிமிஷம்தானே?

முதலில் படத்தை ஒலியின்றி ஒருமுறை பாருங்கள். திரை நிறைய ஒரு ஆணின் கண்கள் வருகின்றன. துப்பாக்கியின் குறிவட்டம் வந்து ஒரு கண்ணின் மேல் பதிகிறது. முகத்தை மறைத்துக் கைகள் உயர்கின்றன. பிறகு ஈரமான தரையில் இரண்டு கால்கள் ஓடுகின்றன. கைரேகையின் வளைகோடுகள் அந்த மனிதனைச் சுற்றி வளைக்கின்றன. ஒலி இல்லாமல் பார்க்கும்போது, 1970ஆம் ஆண்டுக்கே உரிய எளிய வரைகலையாகவே அது தெரியும்.

இப்போது ஒலியோடு பாருங்கள். கண்கள் வரும்போது எச்சரிக்கை மணிபோல இசை பாய்ந்து எழுகிறது. கால்கள் ஓடத் தொடங்கும்போது டிரம்ஸும் பாஸ் கிட்டாரும் மூச்சு விடாமல் கூடவே ஓடுகின்றன. மேலே வரும் வாத்தியங்கள் பாட்டுப்போல ஒரு மெட்டை நிதானமாகப் பாடி முடிப்பதில்லை. துண்டு துண்டாக வந்து மோதுகின்றன. ஓடுபவன் குற்றவாளியா, தப்பிக்கப் பார்க்கும் அப்பாவியா என்று படம் சொல்வதில்லை. இசையும் அதைச் சொல்லாமல், ஓட்டத்தை மட்டுமே நமக்குத் தருகிறது. மாணவர்களிடம் தாளத்தை மட்டும் மேசையில் தட்டிக் காட்டச் சொல்லியிருக்கிறேன். இரண்டு முறை கேட்டதுமே பெரும்பாலோர் சரியாகத் தட்டிவிடுகிறார்கள். அரை நிமிடத்துக்குள் காதில் பதிந்து, ஐம்பது ஆண்டுகள் கேட்ட பிறகும் சலிக்காத ஒன்றை எழுதுவது ஒரு மணிநேர இசையை எழுதுவதைவிட எளிதானது என்று என்னால் ஒப்புக்கொள்ள இயலாது.

அதுல டிரம்ஸ் வாசிச்சது ஊடோ லிண்டன்பெர்க்னு சொல்றாங்களே, உண்மையா?

உண்மை. பின்னாளில் ஜெர்மன் மொழியிலேயே ராக் பாடிப் பெரும்புகழ் பெற்ற ஊடோ லிண்டன்பெர்க், 1970இல் பெயர் வெளியே தெரியாத ஓர் இளம் டிரம்ஸ் கலைஞர். மூலப்பதிவில் வாசித்தவர் அவர்தான். அடுத்த ஆண்டு டோல்டிங்கர் தொடங்கிய ‘பாஸ்போர்ட்’ குழுவின் முதல் இசைத்தட்டிலும் அவரே டிரம்ஸ் வாசித்தார். கால்கள் ஓடும் இடத்தில் நாம் கேட்கும் அந்த வேகத்தில் ஒரு ராக் கலைஞரின் கைப்பழக்கம் இருக்கிறது என்பதை அறிந்து கேட்டால், அது இன்னும் தெளிவாகக் காதில் விழும்.

அம்பது வருஷமா அதே ரெக்கார்டிங்தானா? யாருமே மாத்தணும்னு நினைக்கலையா?

மெட்டு அதேதான், பதிவு மாறியிருக்கிறது. 1978இலும் 2004இலும் டோல்டிங்கரே அதைப் புதுப்பித்துப் பதிவு செய்தார். ஒலித்தரமும் வாத்தியச் சேர்க்கையும் காலத்துக்கேற்ப மாறின. ஓட்டத்தின் வேகமும் மெட்டின் வடிவமும் அடையாளம் மாறாமல் காப்பாற்றப்பட்டன.

மாற்ற வேண்டும் என்று சொன்னவர்களும் உண்டு. நடிகர் டில் ஷ்வைகர், இத்தொடரில் அதிகாரியாக நடிக்க ஒப்பந்தமானதை ஒட்டி, அந்த முகப்பு காலாவதியாகிவிட்டது என்று 2011இல் வெளிப்படையாகப் பேசினார். பார்வையாளர்களிடமிருந்து பெரும் எதிர்ப்பு கிளம்பியது. அவர் நடித்த முதல் பகுதி 2013இல் ஒளிபரப்பானபோதும் பழைய கண்களும் பழைய மெட்டுமே முன்னால் வந்தன.

ஒவ்வொரு தடவை டிவியில வரும்போதும் அவருக்குக் காசு வருமா?

அவர் 2025இல் மறையும்வரை வந்தது. ஜெர்மனியில் இசையமைப்பாளர்கள், பாடலாசிரியர்கள், இசைப் பதிப்பாளர்கள் ஆகியோரின் உரிமைத்தொகையை வசூலித்துப் பிரித்துக்கொடுக்க கேமா என்ற அமைப்பு இருக்கிறது. ஒலிபரப்பு நிறுவனங்கள் அதற்குப் பணம் செலுத்தும். எந்த இசை எப்போது, எவ்வளவு நேரம் ஒலிபரப்பானது என்ற கணக்குப்படி அது உறுப்பினர்களைச் சென்றடையும். டோல்டிங்கர் அந்த அமைப்பின் மேற்பார்வைக் குழுவிலும் பணியாற்றியவர். ஜெர்மன் சட்டப்படி படைப்புரிமை படைத்தவரிடமே இருக்கும். அதை விற்றுவிட முடியாது, பயன்படுத்தும் உரிமையைத்தான் பிறருக்கு வழங்க முடியும். படைத்தவர் இறந்து 70 ஆண்டுகள் வரை அந்த உரிமை வாரிசுகளுக்கும் உண்டு.

அதே அரை நிமிடத்தில் பங்கேற்ற மற்றவர்களின் நிலை வேறாக இருந்தது. கண்களும் ஓடும் கால்களும் ஹோர்ஸ்ட் லெட்டன்மையர் என்ற நடிகருடையவை. ஓட்டம் மியூனிக்கின் பழைய ரீம் விமான நிலையத்தில் படமாக்கப்பட்டது. அவருக்கு ஒரே ஒருமுறை 400 மார்க் (மார்க் என்பது அன்றைய ஜெர்மன் நாணயம்) கொடுத்தார்கள், அதோடு சரி. காட்சியை வடிவமைத்த வரைகலைஞர் கிறிஸ்டினா போட்ரிச் மெர்ஜானோவாவுக்கு 2,500 மார்க் கிடைத்தது. பல ஆண்டுகளுக்குப் பிறகு, தன் பெயர் குறிப்பிடப்பட வேண்டும், நியாயமான பங்கு தரப்பட வேண்டும் என்று கேட்டு அவர் வழக்குத் தொடுத்தார். 2010இல் மியூனிக்கின் கீழ்நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. 2011இல் மேல்நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. மூவரின் உழைப்பும் ஒரே நேரத்தில் ஒரே திரையில்தான் வருகிறது. ஒருவருக்கு மட்டும் தொடர்ந்து பலன் கிடைத்ததற்குக் காரணம், இசைத்துறையினர் நெடுங்காலத்துக்கு முன்பே சங்கமாகச் சேர்ந்து தங்கள் உரிமையைக் கணக்கெழுதி வாங்கப் பழகியிருந்ததுதான். இசையமைப்பாளருக்குக் கிடைத்ததை நான் குறையாகச் சொல்லவில்லை; மற்ற இருவருக்கும் கிடைத்திருக்க வேண்டும் என்றே சொல்கிறேன்.

ஒவ்வொரு எபிசோடுக்கும் பின்னணி இசையும் இவர்தானா?

இல்லை, இது பலரிடமும் உள்ள தவறான எண்ணம். முகப்பு இசை மட்டுமே பொது. கதைக்குள் வரும் பின்னணி இசையை அந்தந்தப் பகுதியின் இசையமைப்பாளர் தனியே எழுதுவார். ஆகவே ஒரு பகுதியின் உள்ளே வரும் இசை உங்களுக்குப் பிடித்திருந்தால், இறுதியில் ஓடும் பெயர்ப்பட்டியலைப் பாருங்கள். பெரும்பாலும் வேறொருவர் பெயர் இருக்கும்.

இவர் முறையா மியூசிக் படிச்சவரா, இல்ல கேள்வி ஞானமா?

இரண்டும். போர்க்காலத்தில் குடும்பம் வியன்னாவில் வாழ்ந்தது. போர் முடியும் தறுவாயில் பவேரியாவின் ஷ்ரோபன்ஹவுசன் என்ற சிற்றூருக்கு வந்து சேர்ந்தது. நாஜி ஆட்சி வெறுத்து ஒதுக்கிய இசை ஜாஸ். அதை ஒன்பது வயதுச் சிறுவன் முதன்முதலாக நேரில் கேட்டது அந்த ஊருக்கு வந்த அமெரிக்கப் படையினரிடமிருந்துதான். அந்தத் தலைமுறை ஜெர்மானியர்கள் பலருக்கு ஜாஸ் என்பது போர் ஓய்ந்ததன் ஒலியாக இருந்தது.

பிறகு குடும்பம் டுசல்டார்ஃப் நகருக்குச் சென்றது. 1947இல், பதினொரு வயதில், அங்குள்ள ராபர்ட் ஷூமன் இசைப்பள்ளியில் சேர்ந்து முறைப்படி பியானோவும் பின்னர் கிளாரினெட்டும் கற்றார். பள்ளிப்படிப்புக்குப் பிறகு இசையியலும் ஒலிப்பதிவு நுட்பமும் பயின்றார். ஒலிப்பதிவை முறையாகப் படித்தது பின்னாளில் அவருக்குப் பெரிதும் கைகொடுத்திருக்க வேண்டும். திரைப்பட இசை என்பது எழுதி முடித்தவுடன் முடிந்துவிடுவதில்லை, வசனத்தோடும் மற்ற ஒலிகளோடும் கலந்து ஒலிப்பதிவுக் கூடத்தில்தான் முழுமை பெறும். சாக்ஸபோனும் ஜாஸும் மட்டும் பள்ளிக்கு வெளியே வந்தவை. பகலில் மேலைச் செவ்வியல் இசையும் மாலையில் ‘ஃபீட்வார்மர்ஸ்’ என்ற டிக்ஸிலாண்ட் (ஜாஸின் பழைய பாணி) குழுவுமாக அவருடைய இளமை கழிந்தது. 1960இல் அமெரிக்காவுக்குச் சென்றபோது, ஜாஸின் பிறப்பிடமான நியூ ஆர்லியன்ஸ் நகரம் அவருக்குக் கௌரவக் குடியுரிமை வழங்கியது.

ஜாஸ் வாசிக்கிறவர் சினிமாவுக்கு எப்படி வந்தார்?

நேராக வரவில்லை. 1962இல் நால்வர் குழு ஒன்றைத் தொடங்கினார். அதில் இங்ஃப்ரீட் ஹோஃப்மன் ஆர்கன் வாசித்தார். 1963இல் வந்த அக்குழுவின் இசைத்தட்டுக்கு ‘ஜெர்மனியில் உருவான ஜாஸ்’ என்ற பொருளில் பெயரிட்டார்கள். ஜெர்மன் மொழியையும் பண்பாட்டையும் வெளிநாடுகளில் பரப்பும் கோத்தே நிறுவனத்தின் சார்பில் வடஆப்பிரிக்காவிலும் தென்னமெரிக்காவிலும் அக்குழு நிகழ்ச்சிகள் நடத்தியது. ஜாஸை மட்டும் நம்பி அந்நாளில் குடும்பம் நடத்த முடியாது. எனவே விளம்பரங்களுக்கு இசையமைத்தார். பால் நீரோ என்ற புனைபெயரில் நடனத்துக்கு ஏற்ற இசைத்தட்டுகள் வெளியிட்டார். சில விநாடிகளுக்குள் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடிக்கும் பயிற்சி விளம்பரங்களில்தான் கிடைத்திருக்கும் என்பது என் ஊகம். டாட்டோர்ட் மெட்டைப் பற்றி மேலே சொன்னதை இதோடு சேர்த்துப் பாருங்கள்.

அப்போதுதான் புதிய ஜெர்மன் சினிமா எழுந்தது. இளம் இயக்குநர்கள் பெரிய வாத்தியக்குழுவின் பழைய பாணி இசையை விரும்பவில்லை. அதற்கான பணமும் அவர்களிடம் இல்லை. நான்கைந்து பேரோடு கூடத்துக்குள் வந்து, காட்சியைப் பார்த்து, உடனுக்குடன் வாசிக்கத் தெரிந்த ஜாஸ் கலைஞர் அவர்களுக்குப் பொருத்தமானவராக இருந்தார். ஃபோல்கர் ஷ்லோண்டார்ஃப் 1970இல் தொலைக்காட்சிக்காக எடுத்த ‘பால்’ படத்துக்கு டோல்டிங்கர் இசையமைத்தார். பெர்டோல்ட் பிரெக்டின் நாடகம் அது. ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் தலைமைப் பாத்திரத்தில் நடித்தார். பிரெக்டின் மனைவி ஹெலன வைகல் மறுஒளிபரப்புக்கு அனுமதி மறுத்துவிட்டதால், அந்தப் படம் 2014 வரை பெட்டிக்குள் கிடந்தது. ஓர் இசையமைப்பாளரின் நல்ல வேலை அவர் பொறுப்பேயில்லாத காரணத்தால் இப்படிப் பல்லாண்டுகள் காணாமல் போவதும் இத்தொழிலில் உண்டு.

பாஸ்போர்ட்னு ஒரு பேண்ட் வச்சிருந்தாராமே? சினிமா வந்த பிறகும் அது எதுக்கு?

1971இல் தொடங்கிய ஜாஸ் ராக் குழு அது. முதல் இசைத்தட்டில் லிண்டன்பெர்க் இருந்ததை மேலே குறிப்பிட்டேன். பின்னர் டிரம்ஸில் கர்ட் கிரெஸ், பாஸ் கிட்டாரில் வோல்ஃப்காங் ஷ்மிட், கீபோர்டில் கிறிஸ்டியான் ஷுல்ட்ஸ என்று அமைந்த அணியே பலராலும் நினைவுகூரப்படுகிறது. 1977இல் பிரேசில் தாளக் கலைஞர்களோடு ஒரு தட்டு, 2006இல் மொராக்கோ இசைஞர்களோடு ஒரு தட்டு என்று அக்குழு பல திசைகளுக்கும் சென்றது.

‘எதுக்கு’ என்பதற்கு என் பதில் இது: படத்துக்கு இசையமைக்கும்போது காட்சி எப்போது முடிகிறதோ அப்போது இசையும் முடிந்தாக வேண்டும். மேடையில் அந்தக் கட்டுப்பாடு கிடையாது. மனம் போன போக்கில் ஒரு சுரத்தைப் பிடித்து நீட்டலாம். டோல்டிங்கர் தன் திரைமெட்டுகளையும் பாஸ்போர்ட் மேடைகளில் வாசித்தார். அரை நிமிட டாட்டோர்ட் மெட்டு அங்கே பல நிமிடங்களுக்கு விரிவதைக் கேட்டால், சினிமாவும் ஜாஸும் அவரிடம் இரண்டு தனித்தனி வாழ்க்கையாக இருக்கவில்லை என்பது புரியும்.

டாஸ் போட் இசையை எல்லாரும் ஏன் அவ்வளவு பெருசா பேசுறாங்க?

லோதர் குந்தர் புக்ஹைம் 1973இல் எழுதிய நாவலைக் கொண்டு வோல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய படம் அது. 1941இல் பிரான்சின் லா ரொஷேல் துறைமுகத்திலிருந்து கிளம்பும் யு 96 என்ற ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பலுக்குள் அடைபட்ட மாலுமிகளின் கதை. பீட்டர்சனும் டோல்டிங்கரும் அதற்கு முன்பே, 1974இல், ஒரு படத்தில் சேர்ந்து பணியாற்றியவர்கள். பீட்டர்சனும் டாட்டோர்ட் பகுதிகளை இயக்கித்தான் பெயர் பெற்றார். ஆக இருவருமே தொலைக்காட்சியில் தேர்ந்த கைகளோடு இந்தப் பெரும்படத்துக்கு வந்தார்கள்.

இப்படத்தில் இசைக்கு ஒரு சிக்கல் இருந்தது. கப்பலுக்குள் அச்சம் உச்சத்துக்குப் போகும் இடங்களில் ஒலியே கதை சொல்கிறது: எதிரிக் கப்பலின் சோனார் (நீருக்கடியில் ஒலி அனுப்பித் தேடும் கருவி) வந்து தட்டும் ஓசை, நீரின் அழுத்தத்தில் இரும்பு முனகும் ஓசை, யாரோ விடும் மூச்சு. அங்கே இசையை நிரப்பினால் அச்சம் கலைந்துவிடும். எனவே மெட்டு பெரும்பாலும் கடல் தெரியும் இடங்களுக்காகக் காத்திருக்கிறது. துறைமுகத்தை விட்டுக் கப்பல் வெளியேறும்போது, துடிப்புப்போல அடிக்கும் மின்னணு ஒலியின் மேல் அது மெல்ல மெல்லப் படியேறி வருகிறது. கேட்பதற்குக் கம்பீரமாக இருக்கும்; ஆனால் வெற்றி முழக்கம் அதில் இல்லை. அந்தக் கம்பீரத்துக்கு அடியில் ஒரு துயரம் ஓடிக்கொண்டே இருக்கிறது. தோற்கப்போகும் ஒரு போருக்கு, தவறான ஓர் ஆட்சியின் பெயரால் அனுப்பப்படும் இளைஞர்களை வீரர்களாகப் போற்றவும் கூடாது, வெறும் பகைவர்களாக ஒதுக்கவும் கூடாது என்ற நெருக்கடியை அந்த மெட்டு அளவு தவறாமல் தாங்குகிறது. நான் அதை அவருடைய மிகச்சிறந்த வேலையாகக் கருதுவதற்கு இதுவே காரணம்.

படத்துக்குள் கதைமாந்தர் கேட்கும் இசை வேறு. கிராமபோனில் ரினா கெட்டியின் பிரெஞ்சுப் பாட்டு ஒலிக்கிறது. எதிரி நாட்டின் ‘டிப்பரரி’ பாட்டை மாலுமிகள் சேர்ந்து பாடுகிறார்கள். இவை டோல்டிங்கர் எழுதியவை அல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன். வகுப்பில் பலமுறை இந்தக் குழப்பம் வந்திருக்கிறது.

அது சினிமாவா, டிவி தொடரா? ரெண்டு விதமாவும் சொல்றாங்களே.

இரண்டும்தான். ஜெர்மன் தொலைக்காட்சி நிறுவனங்களின் பணமும் சேர்ந்து, சுமார் 3.2 கோடி மார்க் செலவில் எடுக்கப்பட்டது. 1981இல் திரையரங்குகளில் இரண்டரை மணிநேரப் படமாக வந்தது. 1985இல் ஜெர்மன் தொலைக்காட்சியில் ஏறக்குறைய ஐந்து மணிநேரத் தொடராக ஒளிபரப்பானது. 1997இல் இயக்குநரே திருத்திய மூன்றரை மணிநேரப் பதிப்பு வெளிவந்தது. ஒரே இசை மூன்று வெவ்வேறு நீளங்களில் பொருந்த வேண்டியிருந்தது என்பதை நினைவில் வைத்துப் பாருங்கள். 2018இல் அதே பெயரில் தொடங்கிய புதிய தொடருக்கு வேறொருவர் இசையமைத்தார் என்றாலும், டோல்டிங்கரின் மெட்டை அவர்களும் கைவிடவில்லை.

அந்தப் படத்துக்கு ஆஸ்கர் வாங்கினாரா?

இல்லை. இயக்கம், தழுவல் திரைக்கதை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, ஒலி, ஒலி விளைவுத் தொகுப்பு ஆகிய ஆறு பிரிவுகளில் அப்படம் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. இசை அவற்றில் இடம்பெறவில்லை. ஆறில் ஒன்றும் விருதாகவில்லை.

டாஸ் போட்னு ஒரு டெக்னோ பாட்டு இருக்கே, அதுவும் இவரோடதா?

மெட்டு இவருடையது, அந்த வடிவம் இவருடையது அன்று. அலெக்ஸ் கிறிஸ்டென்சன் உள்ளிட்டோர் யு96 என்ற பெயரில் 1991இல் அதை டெக்னோவாக, அதாவது மின்னணு நடன இசையாக மாற்றி வெளியிட்டார்கள். ஜெர்மன் விற்பனைப் பட்டியலில் அது பல வாரங்கள் முதலிடத்தில் நின்றது. படம் வந்தபோது பிறந்தே இராத குழந்தைகளுக்கும் அந்த மெட்டு இப்படித்தான் போய்ச் சேர்ந்தது. உரிமைத்தொகை எப்படிக் கணக்கிடப்படும் என்பதற்கு மேலே கேமா பற்றிச் சொன்னதே இதற்கும் பொருந்தும்: மெட்டு யாருடையதோ அவருக்கு அதில் பங்கு உண்டு.

வேற டிவி சீரியல் எதுக்காவது பண்ணியிருக்காரா?

பல. 1981இல் இசட்டிஎஃப் தொலைக்காட்சியில் தொடங்கி நெடுங்காலம் ஓடிய ‘இருவருக்கு ஒரு வழக்கு’, பெர்லின் வழக்கறிஞர் ஒருவரைப் பற்றி 1986இல் தொடங்கிய ‘லீப்லிங் குரோய்ட்ஸ்பெர்க்’ ஆகியவை அவற்றுள் முதன்மையானவை.

முடிவில்லாக் கதை படத்துக்கு ஜோர்ஜியோ மொரோடர்தானே மியூசிக்? இவர் பேரும் வருதே, எது சரி?

அதிகம் பேர் கேட்கும் கேள்வி இதுதான். இரண்டுமே சரி என்பதுதான் பதில். மிஷாயேல் எண்டேயின் நாவலைப் பீட்டர்சன் மியூனிக்கின் பவேரியா படப்பிடிப்பு நிலையத்தில் பெரும்பொருட்செலவில் படமாக்கினார். 1984 ஏப்ரலில் ஜெர்மனியில் வெளிவந்த பதிப்பு 102 நிமிடம் ஓடும். அதன் இசை முழுவதும் டோல்டிங்கருடையது. அமெரிக்காவுக்கும் மற்ற நாடுகளுக்கும் படத்தைக் கொண்டு சென்றபோது, அதை ஏறக்குறைய 94 நிமிடமாகக் குறைத்து மறுபடி தொகுத்தார்கள். பல காட்சிகளில் டோல்டிங்கரின் வாத்திய இசையை எடுத்துவிட்டு மொரோடரின் மின்னணு இசையைச் சேர்த்தார்கள். லிமால் பாடிய தலைப்புப் பாட்டையும் வைத்தார்கள். ஆனால் எல்லாவற்றையும் எடுத்துவிடவில்லை. மற்ற காட்சிகளில் டோல்டிங்கரின் இசை அப்படியே இருக்கிறது. ஆகவே சர்வதேசப் பதிப்பைப் பார்த்தவர்கள் இருவரையும் மாறி மாறிக் கேட்டிருக்கிறார்கள். சர்வதேச இசைத்தட்டிலும் இருவர் இசையும் உண்டு.

எழுதின மியூசிக்கை எடுத்துட்டு வேற போடுறது அநியாயம் இல்லையா?

எனக்கும் அப்படித்தான் படுகிறது. ஆனால் அது இந்த ஒருவருக்கு மட்டும் நேர்ந்ததன்று. அதே பீட்டர்சன் 2004இல் அமெரிக்காவில் எடுத்த ‘டிராய்’ படத்துக்குக் கேப்ரியல் யாரெட் முழு இசையையும் எழுதிப் பதிவு செய்த பிறகு, முன்னோட்டக் காட்சியில் கிடைத்த எதிர்வினையைக் கண்டு அதை ஒதுக்கிவிட்டு, ஜேம்ஸ் ஹார்னரை அழைத்துச் சில வாரங்களில் வேறு இசை எழுத வைத்தார்கள். படத்தின் இசை படைப்பாளியின் உள்ளத்தில் பிறந்தாலும், அது பணம் போட்டவரின் சரக்கோடு சேர்ந்தே சந்தைக்குப் போகிறது.

லிமாலின் பாட்டு உலகெங்கும் பெரும் வெற்றி பெற்றது; படம் பலரைச் சென்றடைய அது உதவியது என்பதை மறுக்க முடியாது. இருந்தாலும், சிறுவன் பறக்கும் நாகத்தின் முதுகில் ஏறிச் செல்லும் காட்சிக்கு டோல்டிங்கர் எழுதியதைத் தனியே கேட்டுப் பாருங்கள். குழந்தையின் மகிழ்ச்சிக்குப் பெரிய வாத்தியக்குழுவின் முழுமூச்சும் தரப்பட்டிருக்கிறது. அது 1984இன் நாகரிகத்தைச் சார்ந்து நிற்காததால் இன்றும் பழையதாகத் தோன்றுவதில்லை.

ஹான்ஸ் சிம்மர் மாதிரி இவரும் ஹாலிவுட் போயிருக்கலாமே?

சிம்மர் 1957இல் ஃபிராங்க்ஃபர்ட்டில் பிறந்தவர். இளவயதிலேயே லண்டனுக்குச் சென்று, பின்னர் லாஸ் ஏஞ்சலஸில் தங்கிவிட்டவர். அவருடைய தொழில்வாழ்க்கை வளர்ந்ததே வெளிநாட்டில்தான். டோல்டிங்கருக்கோ, ஹாலிவுட் எட்டும் தூரத்துக்கு வந்த 1980களில் வயது ஐம்பதை நெருங்கியிருந்தது. சொந்தக் குழுவும் தொலைக்காட்சி வேலைகளும் மியூனிக் அருகே ஐசார் ஆற்றங்கரையில் ஈக்கிங் என்ற ஊரில் வீடும் இருந்தன. பீட்டர்சன் ஹாலிவுட் நிறுவனங்களுக்குப் படம் எடுக்கத் தொடங்கிய பிறகு அவருடைய படங்களுக்கு மோரிஸ் ஜார், என்னியோ மோரிக்கோனே, ஜெரி கோல்ட்ஸ்மித் போன்றோர் இசையமைத்தார்கள்.

போகாததால் அவர் இழந்தது உலகப் பெயர். அதற்கு ஈடாகக் கிடைத்ததை எளிதாக எண்ணிவிட முடியாது: ஒரு நாட்டு மக்கள் ஞாயிறு இரவுதோறும் வீட்டுக்கூடத்தில் அமர்ந்து அரைநூற்றாண்டு கேட்ட மெட்டு ஹாலிவுட்டில் எவருக்கும் வாய்த்ததாக எனக்குத் தெரியவில்லை.

நான் பார்க்கிற முடிவில்லாக் கதை எந்தப் பதிப்புனு எப்படிக் கண்டுபிடிக்கிறது?

ஓட்ட நேரத்தை முதலில் பாருங்கள். 102 நிமிடத்தை ஒட்டி இருந்தால் ஜெர்மன் பதிப்பு, 94ஐ ஒட்டி இருந்தால் சர்வதேசப் பதிப்பு. நேரத்தை மட்டும் நம்ப வேண்டாம். படம் ஓடும் வேகத்தைப் பொறுத்துத் தொலைக்காட்சிப் பிரதிகளில் சில நிமிடங்கள் குறைந்து காட்டும். தொடக்கத்தில் மேகக் கூட்டத்தின் மேல் லிமாலின் குரல் வந்தால் ஐயமே வேண்டாம், அது சர்வதேசப் பதிப்பு.

இன்னொன்றையும் கவனியுங்கள். மொழித்தேர்வில் ஜெர்மனை வைத்துவிட்டால் ஜெர்மன் பதிப்பு வந்துவிடும் என்று நினைத்து ஏமாந்த மாணவர்கள் உண்டு. சர்வதேசப் பதிப்பின் படத்தோடு ஜெர்மன் பேச்சை மட்டும் சேர்த்த பிரதியாகவும் அது இருக்கலாம். அப்படிப்பட்ட பிரதியில் பேச்சு ஜெர்மனில் வரும், இசை மொரோடருடையதாக இருக்கும். டோல்டிங்கரின் முழு இசையையும் கேட்க வேண்டுமென்றால் 102 நிமிடப் பதிப்பைத் தேடி வாங்குங்கள்.